30 லட்சம் கடன், மாதம் 273 ரூபாய் அசல்: மதுரையில் ஒரு வீட்டுக்கடன் நிகழ்வு ஆய்வு

மதுரையில் வருமான வரிக் கணக்கு தாக்கல் செய்து கொடுக்கும் சிறிய அலுவலகம் நடத்துகிறேன். ஒரு குடும்பத்தின் வீட்டுக்கடனை 2021-இல் தொடங்கி 2025 அக்டோபர் வரை பின்தொடர்ந்து எழுதிய குறிப்பு இது. அவர்கள் சம்மதத்தோடுதான் எழுதுகிறேன். பெயர்களும் வங்கியின் பெயரும் வேண்டாம் என்று பேசிக்கொண்டோம். பைசாவை விட்டுவிட்டு ரூபாய்க்கு முழுமையாக்கியதைத் தவிர, தொகைகளை மாற்றவில்லை.

பின்னணி

கணவருக்கு அப்போது 36 வயது. கப்பலூர் தொழிற்பேட்டையில் ஓர் ஆலையில் மேற்பார்வையாளர். மனைவி தனியார் பள்ளி ஆசிரியை. இரண்டு பிள்ளைகள், கூடவே கணவரின் அம்மா. பழங்காநத்தத்தில் 8,500 ரூபாய் வாடகையில் இருந்தார்கள். நாகமலைப் புதுக்கோட்டைப் பக்கம் கட்டி முடித்த தனி வீடு ஒன்று 36 லட்சத்துக்கு அமைந்தது. ஆடி முடியட்டும் என்று காத்திருந்து 2021 ஆவணியில் பத்திரம் பதிந்தார்கள்.

வீட்டு விலையைத் தாண்டிய செலவு அங்கேயே ஆரம்பமாகிவிட்டது. அப்போது தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைக் கட்டணம் 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 4 சதவீதம். (2023 ஏப்ரலில் பதிவுக் கட்டணத்தை 2 சதவீதமாகக் குறைத்தார்கள். அதே கையோடு வழிகாட்டி மதிப்பை 2017-க்கு முந்தைய அளவுக்கு ஏற்றினார்கள்.) ஆக 11 சதவீதம், 3,96,000 ரூபாய். இந்த அளவு விலையுள்ள வீட்டுக்குக் கடன் தரும்போது பத்திரச் செலவை வீட்டு மதிப்பில் வங்கி சேர்க்காது. அது முழுக்கக் கைக்காசு. பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததற்கான எம்.ஓ.டி. பதிவு, பரிசீலனைக் கட்டணம், வக்கீல் கருத்து, மதிப்பீட்டாளர், பத்திர எழுத்தர் எல்லாம் சேர்ந்து இன்னொரு 44,000.

வங்கி 30 லட்சம் கொடுத்தது. அதில் 84,000 ரூபாய், கடனோடு சேர்த்து விற்கப்பட்ட காப்பீட்டின் ஒற்றைப் பிரீமியமாகப் போய்விட்டது. வீட்டுக்கென்று வந்தது 29,16,000தான். துண்டு விழுந்தது 11,24,000. சேமிப்பு ஐந்தே கால் லட்சம் போக, நகையை வைத்து 4 லட்சம், தெரிந்தவரிடம் கைமாற்றாக 2 லட்சம். அந்தக் கைமாற்று ரெண்டு வட்டி. அதாவது நூற்றுக்கு மாதம் 2 ரூபாய்.

வீட்டுக்கடன் மிதக்கும் வட்டி, அதாவது அவ்வப்போது ஏறி இறங்கும் வட்டி. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் புதிய மிதக்கும் வட்டி வீட்டுக்கடன்களை ரெப்போ (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி) போன்ற ஒரு வெளி அளவுகோலோடு கட்ட வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி விதி. 2021-இல் ரெப்போ 4 சதவீதம். அதற்கு மேல் இந்த வங்கி 2.80 வைத்தது. ஆக வட்டி 6.80 சதவீதம், 240 மாதம், தவணை 22,900. முதல் தவணை 2021 செப்டம்பர், கடைசித் தவணை 2041 ஆகஸ்ட். எல்லாம் அப்படியே போயிருந்தால் மொத்தம் கட்டுவது 54,96,000. 30 லட்சத்துக்கு 25 லட்சம் வட்டி. இந்தக் கணக்கைக்கூட அவர்களுக்கு யாரும் போட்டுக் காட்டவில்லை. "மாசம் இருபத்து மூணாயிரத்துக்குள்ள" என்பதே அவர்கள் மனதில் நின்றது. வீட்டில் எல்லாப் பேச்சும் அந்த எண்ணை வைத்துத்தான்.

சான்றிதழில் கண்டது: 2023 ஜூலை

வரிக் கணக்குக்காகக் கணவர் வங்கியின் வட்டிச் சான்றிதழைக் கொண்டுவந்தார். 2022–23 நிதியாண்டுக்கு வட்டி 2,36,417, அசல் 38,383. வட்டியைக் குறித்துக்கொண்டு தாளைத் திருப்பிக் கொடுப்பதுதான் வழக்கம். அன்று முந்தைய ஆண்டுச் சான்றிதழும் அதே கோப்பில் இருந்தது. 2021–22-இல் ஏழு தவணைதான் கட்டியிருந்தார். அந்த ஏழு மாதத்தில் அசல் 42,009 குறைந்திருந்தது.

ஏழு மாதத்தில் 42,009, பன்னிரண்டு மாதத்தில் 38,383. எங்கோ பிசகு என்று நினைத்து, ஒரு தவணை தவறியதா என்று கேட்டேன். "ஒரு மாசம்கூட பவுன்ஸ் ஆகல அண்ணே. டியூவும் மாறல. அதே இருபத்திரெண்டு தொள்ளாயிரம்தான்" என்றார். அதில் அவருக்கு ஒரு பெருமையும் இருந்தது. ஊரெல்லாம் வட்டி ஏறிவிட்டது என்கிறார்கள், நம் தவணை ஏறவில்லையே என்று.

கைப்பேசியைக் கேட்டு வாங்கினேன். சிலிண்டர் பதிவு, மின்கட்டணம், துணிக்கடைத் தள்ளுபடி இவற்றுக்கு நடுவே வங்கியிடமிருந்து ஆங்கிலத்தில் நான்கு குறுஞ்செய்திகள். 2022 ஜூலையில் வட்டி 7.70 ஆனது. அக்டோபரில் 8.70. 2023 ஜனவரியில் 9.05. ஏப்ரலில் 9.30. ரிசர்வ் வங்கி 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரெப்போவை 4 சதவீதத்திலிருந்து 6.50-க்கு ஏற்றியதன் நிழல் அது. நான்கு செய்திகளிலும் புது வட்டி இருந்தது. எத்தனை மாதம் மிச்சம் என்பது ஒன்றிலும் இல்லை. மூன்றை அவர் திறந்தே பார்க்கவில்லை.

கணினியில் உட்கார்ந்து மாதவாரியாகப் போட்டேன். 2023 மார்ச் முடிவில் நிலுவை 29,19,608. ஏப்ரலில் 9.30 சதவீதத்துக்கு ஒரு மாத வட்டி 22,627. தவணை 22,900. அசலுக்குப் போனது 273 ரூபாய்.

திரையைத் திருப்பி அவரிடம் காட்டினேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், "இருநூத்தி எழுபத்து மூணாயிரமா?" என்று கேட்டார். இல்லை, வெறும் 273.

அதே வட்டி, அதே தவணை என்றால் கடன் முடிய அந்த ஏப்ரலிலிருந்து 574 மாதம். கிட்டத்தட்ட 48 ஆண்டு. கட்டும் தொகை சுமார் 1 கோடியே 31 லட்சம். ஜூன் வரை அவர் கட்டியிருந்த 22 தவணை 5,03,800 ரூபாய். அதில் கடன் குறைந்தது 81,217.

வரி மிச்சம் என்ற ஆறுதல்

"வட்டி கூடுனாலும் டாக்ஸ்ல கழிஞ்சிரும்ல?" என்றார். இங்கே சற்று நிற்க வேண்டும், ஏனென்றால் இதே கேள்வி என் மேசைக்கு எல்லா ஜூலையிலும் வருகிறது.

பழைய வரிமுறையில், தான் குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரைதான் கழிவு. 2,36,417-இல் 36,417 அப்போதே வெளியே. மீதி 2 லட்சமாவது உதவியதா? அவர் ஆண்டுச் சம்பளம் 6,90,000. நிலைக்கழிவு 50,000. அது போக பி.எஃப்., எல்.ஐ.சி., பிள்ளைகள் கல்விக் கட்டணம், கடனின் அசல் எல்லாம் சேர்த்து வருமான வரிச் சட்டத்தின் 80சி பிரிவில் 1,40,000. வட்டியைத் தொடாமலே வருமானம் 5 லட்சத்துக்கு இறங்கிவிடுகிறது. 5 லட்சம் வரை 87ஏ பிரிவின் தள்ளுபடியில் வரியே கிடையாது. ஆக அவர் கட்டிய இரண்டே கால் லட்சத்துக்கு மேற்பட்ட வட்டி அந்த ஆண்டு மிச்சப்படுத்திய வரி பூஜ்யம். 2023–24 முதல் புதிய வரிமுறையில் அவர் வருமானத்துக்கு எந்தக் கழிவும் இல்லாமலே வரி வராது. நூறு ரூபாய் வட்டி கட்டி இருபது ரூபாய் வரி மிச்சம் பிடிப்பதே லாபமில்லை. இவர் நூறு கட்டி ஒன்றும் மிச்சம் பிடிக்கவில்லை.

வங்கிக் கிளையில்

அடுத்த வாரம் இருவரும் கிளைக்குப் போனார்கள். நானும் கூடப் போனேன். கடன் பிரிவில் இருந்த அதிகாரி பொறுமையாகத்தான் பேசினார். வட்டி ஏறினால் கணினி தானாகத் தவணைக் காலத்தை நீட்டும், தவணையைத் தொடாது என்றார். எங்களிடம் கேட்கவில்லையே என்று மனைவி சொன்னதற்கு, ஒப்பந்தத்தில் இருக்கிறது என்று பதில் வந்தது. இருந்தது. 30 பக்கத்துக்கு மேல் போன ஒப்பந்தத்தில், இரண்டு பேரும் ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்துப் போட்டிருந்தார்கள்.

கிளையில் இன்னொன்றும் தெரிந்தது. சுவரில் ஒட்டியிருந்த விளம்பரத்தில் புதிதாகக் கடன் வாங்குபவருக்கு வட்டி 8.75 என்று இருந்தது. அதே வங்கி, அதே ரெப்போ. அவர்களுக்கு ரெப்போவுக்கு மேல் 2.25, இவர்களுக்கு 2.80. பழைய வாடிக்கையாளர் எழுதிக் கேட்டு, 5,000 ரூபாயும் ஜி.எஸ்.டி.யும் கட்டினால் குறைத்துக்கொள்ளலாமாம். கேட்காதவருக்கு யாரும் சொல்வதில்லை.

எடுத்த முடிவுகளும் காரணங்களும்

தவணையை ஏற்றுவதுதான் நேரான வழி. 2041 ஆகஸ்டிலேயே முடிய வேண்டும் என்றால் 9.30 வட்டிக்குத் தவணை 27,783 ஆக வேண்டும். மாதம் 4,900 கூடுதல். வீட்டில் அவ்வளவு இடமில்லை என்று இருவரும் ஒரே குரலில் சொன்னார்கள்.

மனைவி கட்டிவந்த சீட்டு அந்த ஆகஸ்டில் முடிந்து 3 லட்சம் வரவிருந்தது. அதை மொத்தமாக வீட்டுக்கடனில் கட்டிவிடுங்கள் என்று சொன்னேன். மிதக்கும் வட்டி வீட்டுக்கடனைத் தனிநபர் முன்கூட்டிக் கட்டினால் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குச் சொல்லிவிட்டது. ஆகவே தடை ஒன்றுமில்லை. என் யோசனை தவறானது, அதைக் காட்டிக்கொடுத்தது கணவரின் அம்மா.

காகிதங்களைப் பார்க்க வீட்டுக்குப் போயிருந்தேன். 9.30 என்று நாங்கள் பேசிக்கொண்டதைக் கேட்டு, "ஒம்போது வட்டிக்கா வீடு வாங்குனீங்க? அந்த ரெண்டு வட்டிக்காரரே தேவலையேப்பா" என்றார் அந்த அம்மா. எந்த ரெண்டு வட்டிக்காரர் என்று கேட்டபோதுதான் கைமாற்று விஷயம் வெளியே வந்தது. அதுவரை எனக்குச் சொல்லவில்லை. வேறு கடன் உண்டா என்று நானும் கேட்கவில்லை.

நம் ஊரில் வட்டி என்றால் மாத வட்டி. வங்கி சொல்வது ஆண்டு வட்டி. ரெண்டு வட்டி என்பது ஆண்டுக்கு 24 சதவீதம். வாய்ப்பேச்சில் 2 சின்னது, 9 பெரியது. அந்த அம்மா மட்டுமில்லை, நன்றாகப் படித்தவர்களும் இந்த இடத்தில் தடுக்கி விழுவதைப் பார்த்திருக்கிறேன். 2 லட்சத்துக்கு மாதம் 4,000, ஆண்டுக்கு 48,000 போய்க்கொண்டிருந்தது, அசல் அப்படியே நின்றது. அதே 2 லட்சத்தை வீட்டுக்கடனில் கட்டியிருந்தால் ஆண்டுக்கு மிச்சம் 18,600தான்.

ஆகவே வரிசை மாறியது. சீட்டுப் பணத்தில் 2 லட்சம் கொடுத்துக் கைமாற்றை முடித்து, எழுதிக் கொடுத்த புரோநோட்டைக் கையோடு வாங்கிவந்தார்கள். மீதி 1 லட்சம் செப்டம்பரில் வீட்டுக்கடனுக்குப் போனது. அதற்கான படிவத்தில் இரண்டு கட்டங்கள்: தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா. காலத்தில் குறியிட்டார்கள். கைமாற்று வட்டியாகப் போன 4,000 இனி மிச்சம் என்பதால், வீட்டுக்கடன் தவணையை 27,000-க்கு ஏற்ற எழுதிக் கொடுத்தார்கள். முன்பு 22,900-உம் 4,000-உம் சேர்ந்து மாதம் 26,900 வெளியே போனது. இப்போது 27,000. இடமில்லை என்று சொன்ன வீட்டில் 100 ரூபாய்தான் கூடியது.

வேறு வங்கிக்குக் கடனை மாற்றுவதையும் பார்த்தோம். 8.60-க்குத் தருவதாக ஒரு வங்கி சொன்னது. புதிதாக எம்.ஓ.டி., பழைய எம்.ஓ.டி.க்கு ரசீது ஆவணம், வக்கீல், மதிப்பீடு, பரிசீலனை என்று 45,000-க்கு மேல் கணக்கு வந்தது. சொந்த வங்கியிலேயே 5,900 கட்டினால் 8.75. 0.15 சதவீத வித்தியாசத்துக்கு ஆண்டுக்கு 4,200 ரூபாய் மிச்சம். பத்தாண்டுக்கு மேல் காத்திருந்து போட்ட காசை எடுக்க வேண்டும். விட்டுவிட்டோம்.

அதன் பின் நடந்தது

8.75 வட்டியும் 27,000 தவணையும் 2023 அக்டோபரில் நடைமுறைக்கு வந்தன. நிலுவை 28,17,938. அந்த மாதமே அசலுக்கு 6,453 ரூபாய் போனது. மிச்சம் 574 மாதம் என்றிருந்தது 197 ஆனது, அதாவது 2040 பிப்ரவரி.

இதற்கிடையே 2023 ஆகஸ்ட் 18-இல் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டுமா என்று கடன்தாரரைக் கேட்க வேண்டும். காலாண்டுக்கு ஒரு முறை, அதுவரை வசூலான அசல், வட்டி, தவணை, மீதித் தவணை எண்ணிக்கை ஆகியவற்றைத் தர வேண்டும். தவணை வட்டிக்கே பற்றாமல் போகும் நிலை வரக் கூடாது. அந்த ஆண்டு டிசம்பருக்குள் பழைய கடன்களுக்கும் இது பொருந்த வேண்டும். இவர்களுக்குக் காலாண்டு அறிக்கை 2024-இல் வர ஆரம்பித்தது. மீதித் தவணை எத்தனை என்று வங்கியே அச்சிட்டுக் கொடுத்ததை அப்போதுதான் முதல் முறையாகப் பார்த்தார்கள்.

எல்லாம் சீராகப் போகவில்லை. நகைக்கடன் 4 லட்சத்தை எங்கள் திட்டத்தில் ஓரமாக வைத்திருந்தோம். ஆண்டுதோறும் வட்டியை மட்டும் கட்டித் திருப்பி வைப்பதுதான் வழக்கமாக இருந்தது. 2025 தொடக்கத்தில், அசலையும் முழுதாகக் கட்டினால்தான் மறுபடி வைக்க முடியும் என்று நகை இருந்த வங்கி சொல்லிவிட்டது. கையில் பணமில்லை. மூன்று நாளைக்கு 4 லட்சம் புரட்டித் தந்தவருக்கு 4,000 ரூபாய் கொடுக்க வேண்டியிருந்தது. அந்த வாரம் கணவர் என்னிடம் சரியாகப் பேசவில்லை. அவர் கோபம் நியாயம்தான். வீட்டுக்கடனின் செலவு என்று நான் போட்ட தாளில், அந்த வீட்டுக்காகவே வைத்த நகை இல்லை.

ரெப்போ 2025 பிப்ரவரியில் 6.25, ஏப்ரலில் 6, ஜூனில் 5.50 என்று இறங்கியது. இவர்கள் வட்டி ஜூலையில் 7.75 ஆனது. இந்த முறை வங்கியிடமிருந்து கடிதமே வந்தது: தவணையைக் குறைத்துக்கொள்ளலாம், அல்லது அதே தவணையில் காலத்தைக் குறைக்கலாம். மூத்த பையன் பத்தாம் வகுப்புக்குப் போகிற ஆண்டு, டியூஷன் செலவு இருக்கிறது, குறைத்துக்கொள்வோம் என்று கணவர் நினைத்தார். மனைவி 273 எழுதிய அந்தப் பழைய தாளைக் குளிர்பெட்டிக் கதவில் ஒட்டி வைத்திருக்கிறார். தவணை 27,000-ஆகவே இருந்தது.

2025 ஜூலையில் அசலுக்குப் போனது 9,754. மீதி 158 மாதம். வட்டி இதே நிலையில் நின்றால் 2038-இல் கடன் முடியும். தொடக்கம் முதல் கட்டுவது மொத்தம் 55 லட்சத்துச் சொச்சம். வட்டி நிற்காது. ஏறினால் எவ்வளவு என்று இப்போது அவர்களே போட்டுப் பார்க்கிறார்கள்.

மாற்றிச் செய்திருக்க வேண்டியவை

முதல் பிழை என்னுடையது. 2022 ஜூலையில் முதல் சான்றிதழ் என் கைக்கு வந்தது. அதற்குள் ரெப்போ 0.90 ஏறியிருந்தது. வட்டிக் கட்டத்தை நிரப்பிவிட்டு அனுப்பிவிட்டேன். அப்போதே தவணையை ஏற்றியிருந்தால் சில ஆயிரங்கள் வட்டியில் மிஞ்சியிருக்கும். இப்போது வீட்டுக்கடன் உள்ள யார் வந்தாலும் இரண்டு ஆண்டுச் சான்றிதழையும் அருகருகே வைத்து அசலைத்தான் முதலில் பார்க்கிறேன்.

கடனோடு வந்த காப்பீட்டைப் பற்றி எனக்கு உறுதியான எண்ணம் உண்டு. காப்பீடு வேண்டும், அதில் மாற்றுக் கருத்தில்லை. ஆனால் பிரீமியத்தைக் கடனில் ஏற்றியதால் அந்த 84,000-க்கும் வட்டி ஓடுகிறது. முதலில் போட்ட 6.80 வட்டியிலேயே அது மாதம் 641 ரூபாய், 240 மாதத்தில் 1,53,900. தனியாக ஒரு டேர்ம் பாலிசி எடுத்திருக்கலாம். அன்று கடன் கிடைக்க வேண்டும் என்ற அவசரத்தில் இது கட்டாயமா என்று கேட்க அவர்களுக்குத் துணிச்சல் வரவில்லை. அடுத்து இவர்கள் உறவினர் ஒருவர் கடன் வாங்கியபோது கேட்டார், கட்டாயமில்லை என்றார்கள்.

பத்திரம் போடும் முன்பே எல்லாக் கடனையும், கைமாற்று, நகை, வங்கி மூன்றையும், ஒரே தாளில் ஆண்டு வட்டிக்கு மாற்றி எழுதியிருக்க வேண்டும். வட்டி 2.5 சதவீதம் ஏறினால் தவணை என்ன ஆகும் என்பதையும் பக்கத்திலேயே போட்டிருக்க வேண்டும். அப்படிப் போட்டிருந்தால் வீட்டை வாங்கியிருப்பீர்களா என்று மனைவியிடம் ஒருமுறை கேட்டேன். "வாங்கியிருப்போம் சார். மாடி ரூம் இல்லாத வீடா பாத்திருப்போம்" என்றார்.

நகைக்கடனில் இன்னும் 2,60,000 மிச்சம். தீபாவளி போனஸ் வந்ததும் அதில் 40,000 குறைப்பதாகச் சொல்லியிருக்கிறார்கள். அதற்குப் பிறகுதான் வீட்டுக்கடனில் அடுத்த முன்கட்டணம்.